கோப்பி இயந்திரத் துப்பாக்கி

1861ஆம் ஆண்டு முதல் 1865ஆம் ஆண்டு வரை நிகழ்ந்த அமெரிக்க உள்நாட்டு யுத்தத்திலே 6 இலட்சத்துக்கும் அதிகமான போர்வீரர் மாண்டனர். அந்த யுத்தத்தைப் பற்றி எழுந்த நூல்களுக்குக் கணக்கில்லை. தளபதிகளின் வியூகங்களை அவை விரித்துரைக்கும். வீரர் கையிலிருந்த கருவியைப் பற்றியோ பெரும்பாலும் மௌனஞ் சாதிக்கும். இக்குறையைப் போக்க முனைந்தவருள் ஒருவர் றொபேட் புறூஸ் என்னும் சரித்திராசிரியர். முதலில் இயந்திரப் பொறியியல் பயின்று, பின்னர் சரித்திரத் துறைக்கு வந்தவர் அவர். லிங்கனும் போர்க்கருவிகளும் பற்றிய அவரது நூல் 1956இல் வெளிவந்தது.

புறூஸ் நாடிச் சென்றது படைக்கலத் திணைக்களத்தின் பழைய கோவைகளை. புதியது புனைந்தோர் அனுப்பிய விண்ணப்பங்கள் அங்கே கிடந்தன. அவற்றுட் சிலவற்றில் ஜனாதிபதி லிங்கனின் கைக்குறிப்பும் இருந்தது. இதில் வியப்பில்லை. ஆழமற்ற நீரில் தட்டிய கப்பலை மிதக்கச் செய்யும் உபாயம் ஒன்றுக்கு 1849ஆம் ஆண்டிலே தாமே காப்புரிமை பெற்றவர் லிங்கன்.

அவர் மனத்தைக் கவர்ந்தவற்றுள் ஒன்று ஏகர் துப்பாக்கி. அதன் மேற்புறத்தே புனல் போன்றதொரு தொட்டி; பக்கத்திலே ஒரு கைப்பிடி. தொட்டியில் தோட்டாக்களை இட்டுக் கைப்பிடியைச் சுழற்றினால், ஒற்றைக் குழல் வழியே குண்டுகள் ஒன்றன்பின் ஒன்றாகப் பாயும். கோப்பிக் கொட்டை அரைக்கும் இயந்திரத்தின் சாயல் இருந்ததால் அப்பெயரே அதற்கு நிலைத்தது. 1861இல் லிங்கன் 10 துப்பாக்கிகளை வாங்கச் செய்தார். எனினும் குழல் விரைவிற் சூடேறியது. களத்திலிருந்து திருப்பி அனுப்பப்பட்டவையும் உண்டு.

இத்தகைய புதுமைகளுக்குத் தடையாக நின்றவர் படைக்கலத் தலைவர் ஜேம்ஸ் றிப்ளி. அவரைப் பிடிவாதக் கிழவர் என்று தள்ளிவிடுவது எளிது. ஆனால் முற்றிலும் நியாயமாகாது. சுமார் 16,000 பேர் கொண்டிருந்த சேனை திடீரெனப் பல இலட்சமாகப் பெருகிற்று. துப்பாக்கிக்கொரு தோட்டா என்றானால், போர்முனைக்கு எதை அனுப்புவது? அக்கவலை மெய்யான கவலையே. ஆயினும் அதன் விலையைச் சாதாரணச் சிப்பாயே செலுத்தினான். குழல்வாயில் மருந்தும் குண்டும் இட்டுக் கோலால் இடித்து, நிமிடத்துக்கு மூன்று முறை சுடுவதே அவனுக்குப் பெரும்பாடாயிருந்தது.

ஸ்பென்சர் துப்பாக்கியோ ஒரே முறையில் 7 தோட்டாக்களை ஏற்றது. 1863 ஆகஸ்ட் மாதத்தில் அதனை ஆக்கிய கிறிஸ்தோபர் ஸ்பென்சரே வாஷிங்டனுக்கு வந்தார். லிங்கன் ஒரு பலகையை இலக்காக நாட்டித் தம் கையாலேயே சுட்டுப் பார்த்தார். அடுத்த மாதம் றிப்ளி பதவி நீங்கினார்.

அதன்பின்னும் எல்லாக் கதவுகளும் திறந்துவிடவில்லை. பல குழல்கள் சுழன்று சுடும் துப்பாக்கிக்கு 1862இல் காப்புரிமை பெற்ற கற்லிங், 1864 பெப்ரவரியில் லிங்கனுக்கே நேரில் கடிதம் எழுதினார். அமெரிக்கச் சேனை அத்துப்பாக்கியை ஏற்றுக்கொண்டது 1866இல். அப்போது யுத்தம் முடிந்து ஓராண்டு கழிந்திருந்தது.