பயணத்தில் உடைந்த பொம்மைகளுக்கு தில்லியில் ஒரு நிலையான இல்லம்

புது தில்லி: நாளிதழ் அலுவலகங்கள் வரிசையாக அமைந்துள்ள பகதூர் ஷா ஜாஃபர் மார்க்கில், நேரு இல்லத்தின் கண்ணாடிப் பேழைகளுக்குள் ஓர் உலகமே அசையாமல் நிற்கிறது. ஜப்பானின் கபூகி நடிகர்கள், தாய்லாந்தின் மகளிர் இசைக்குழு, கேரளத்தின் கதகளிக் கலைஞர்கள் எனச் சுமார் 85 நாடுகளைச் சேர்ந்த 6,000-க்கும் மேற்பட்ட பொம்மைகள் இடம்பெற்றுள்ள சங்கர் சர்வதேச பொம்மைகள் அருங்காட்சியகம் இது. இவற்றுக்கு நிலையான இடம் கிடைக்கக் காரணமாக அமைந்தது, பயணத்தில் நேர்ந்த சேதம்தான்.

காயங்குளத்தில் 1902-இல் பிறந்தவர் கேலிச்சித்திரக் கலைஞர் கே. சங்கர் பிள்ளை. குழந்தைகளுக்காக அவர் நடத்திய சர்வதேசப் போட்டிக்கு, 1950-களின் தொடக்கத்தில் ஹங்கேரி நாட்டுத் தூதர் ஒரு பொம்மையைப் பரிசாக அளித்தார். அதில் மனதைப் பறிகொடுத்த சங்கர், பிரதமர் நேருவின் வெளிநாட்டுப் பயணங்களில் செய்தியாளர் குழுவில் சென்றபோதெல்லாம் பொம்மைகளைச் சேகரித்து வந்தார்.

குழந்தைகளின் ஓவியங்களுடன் அவற்றையும் ஊர் ஊராகக் கொண்டுசென்று காட்சிக்கு வைத்தார். ஆனால், ஒவ்வோர் ஊரிலும் பிரிப்பதும் மீண்டும் கட்டுவதுமாக இருந்ததில் பல பொம்மைகள் சேதமடைந்தன. தில்லியில் நடைபெற்ற கண்காட்சியை நேருவுடன் பார்வையிட்ட இந்திரா காந்தியிடம் இந்தச் சிரமத்தை அவர் கூற, நிரந்தர அருங்காட்சியகம் அமைக்கும் யோசனை பிறந்தது. 1965 நவம்பர் 30-இல் அதைத் திறந்துவைத்தவர், திருத்தணியில் பிறந்த குடியரசுத் தலைவர் ராதாகிருஷ்ணன்.

பொம்மைகளின் பயணம் அத்துடன் நின்றுவிடவில்லை. அருங்காட்சியகத்துடன் இணைந்த பணிக்கூடத்தில் ஒவ்வொரு மாநில மக்களின் முகச்சாயல், ஆடை, அணிகலன் ஆகியவற்றை ஆராய்ந்து இந்தியப் பொம்மைகள் தயாரிக்கப்பட்டன. வெளிநாட்டுப் பரிசுகளுக்கு ஈடாக அவை அனுப்பப்பட்டன. 1980-இல் போலந்தின் கிராகோவ் நகரில் நடைபெற்ற பொம்மைக் கண்காட்சியில் "தங்க மயிலிறகு" முதல் பரிசும் கிடைத்தது.

பிரதமர் முதல் அமைச்சர்கள் வரை எவரையும் விட்டுவைக்காத சங்கரின் தூரிகைக்குக் களமாக 1948-இல் தொடங்கிய "சங்கர்ஸ் வீக்லி", நெருக்கடி நிலை அமலில் இருந்த 1975-இல் நின்றுபோனது. 1989-இல் அவரும் மறைந்தார். ஆட்சியாளர்களைக் கேலி செய்த இதழுக்குக் கிட்டாத நீண்ட ஆயுள், ஆட்சியாளர்களின் ஆதரவோடு எழுந்த பொம்மை வீட்டுக்குக் கிட்டியது. நாடுகளின் எல்லைகளோ அரசுகளோ அல்ல, உடுத்தும் உடையும் ஆடும் ஆட்டமுமாக மக்களே அங்கு காட்சிக்கு நிற்கின்றனர்.