மேற்கு வங்கத்தில் ஊராட்சியும் உழவர் உரிமையும்

ஒரு நிலத்தை உழுபவர் யார் என்று அறிந்துகொள்வது கடினமான காரியமன்று. கிராமத்தில் சிறு பிள்ளையைக் கேட்டாலும் சொல்லிவிடும். ஆனால் அதே செய்தியை அரசின் பதிவேட்டில் ஏற்றுவதற்கு மேற்கு வங்கத்தில் ஏறத்தாழ கால் நூற்றாண்டு பிடித்தது. 1955-ஆம் ஆண்டின் நிலச் சீர்திருத்தச் சட்டம் வாரத்துக்குப் பயிரிடும் உழவருக்குப் பாதுகாப்பு வழங்கியது. இவ்வுழவரை அங்கே ‘பர்காதார்’ என்பர். 1970-களின் தொடக்கத்தில் வந்த திருத்தங்கள் அவரது சாகுபடி உரிமை வாரிசுகளுக்கும் செல்லும் என்றன. விளைச்சலில் நான்கில் மூன்று பங்கு குடிவாரம், ஒரு பங்கு மேல்வாரம் என்று வரையறுத்தன. உழவு மாடு, கலப்பை, விதை, எரு ஆகியவற்றை நிலவுடைமையாளரே கொடுத்தால் மட்டும் பாதிக்குப் பாதி. சட்டத்தின் வாசகத்தில் பெருங்குறை ஏதுமில்லை. அவ்வுரிமையைக் கோர வேண்டியவர்களில் பெரும்பாலோரின் பெயர் எந்தக் கணக்கிலும் இல்லை என்பதே குறை.

இச்சிக்கலின் வேர் 1793-ஆம் ஆண்டின் நிரந்தர நிலவரித் திட்டத்தில் இருக்கிறது. ஜமீன்தாருக்கும் உழவருக்கும் இடையே அடுக்கடுக்காக இடைத்தரகர்கள் தோன்றினர். நிலத்தில் கால் வைக்காதவர்களுக்கெல்லாம் நிலத்தில் பங்கு கிடைத்தது. 1940-இல் பிளவுட் ஆணைக்குழு, வார உழவருக்கு விளைச்சலில் மூன்றில் இரு பங்கு வேண்டும் என்று பரிந்துரைத்தது. அதனையே முழக்கமாகக் கொண்டு 1946-47-இல் தேபாகா இயக்கம் எழுந்தது. விடுதலைக்குப் பின் 1953-ஆம் ஆண்டின் சட்டம் ஜமீன் முறையை ஒழித்து நிலத்துக்கு உச்சவரம்பும் விதித்தது. ஜமீன்தார் போனார், கிராமத்துப் பெரிய வீடு அப்படியே இருந்தது.

பதிவு செய்துகொள்ள அஞ்சியது ஏன்?

வார உழவர் தமது பெயரைப் பதிவு செய்துகொள்ள முன்வராததை அறியாமை என்று கூறிவிடுவது எளிது. உண்மையில் அவர் கணக்குப் பார்த்தே ஒதுங்கியிருந்தார். அறுவடைக்கு முந்தைய பஞ்ச மாதங்களில் அவரது குடும்பம் உண்ணும் நெல் நிலவுடைமையாளரிடம் பெற்ற கடன். விதைக்கும் மருந்துச் செலவுக்கும் அவரையே நாட வேண்டும். பதிவு கோரினால் அடுத்த பருவத்தில் நிலமும் இல்லை, கடனும் இல்லை. முக்கால் பங்கு என்னும் சட்டத்தின் வாக்குறுதியைவிட, பாதிப் பங்கும் பட்டினிக் காலத்து நெல்லும் அவருக்கு உறுதியானவையாகத் தோன்றின.

அரசு அலுவலரின் நடைமுறையும் இதற்குத் துணைபோயிற்று. பதிவுக்காகச் செல்பவர் பகலில் செல்வார்; அப்போது உழவர் வயலில் இருப்பார். அலுவலர் அமர்ந்து எழுதுவதற்கு நாற்காலியும் மேசையும் உள்ள வீடு நிலவுடைமையாளருடையதே. அந்தத் திண்ணைக்கு வந்து “இவருடைய நிலத்தை நான் உழுகிறேன்” என்று வாக்குமூலம் தர எவருக்குத் துணிவு வரும்? நானும் அரசுப் பணியில் இருப்பவன்தான். நாற்காலி போடப்பட்ட இடத்திலேயே அமர்ந்துவிடும் பழக்கம் நம்மில் எவருக்கும் புதிதன்று.

1977-இல் பொறுப்பேற்ற இடது முன்னணி அரசு முதலில் சட்டத்தின் ஒரு நுட்பமான இடத்தைத் திருத்தியது. பிறர் நிலத்தில் ஒருவர் முறையாகச் சாகுபடி செய்துவந்தால் அவர் வார உழவர் என்றே கொள்ளப்படுவார். அல்லவென்றால் அதை மெய்ப்பிக்கும் பொறுப்பு நிலவுடைமையாளருடையது. நீதிமன்றப் படியேற வசதியில்லாதவரின் தோளிலிருந்து மெய்ப்பிக்கும் சுமை இறங்கிற்று.

அடுத்த திருத்தம் அலுவலரின் நடைமுறையில் நிகழ்ந்தது. 1978 மே மாதம் ஹூக்ளி மாவட்டத்தின் ஹாலுசாய் கிராமத்தில் நிலச் சீர்திருத்தத் துறை அலுவலர்களும் உழைப்பாளர்களும் ஒன்றாகக் கூடிய முகாம் நடந்தது. நிலச் சீர்திருத்த ஆணையர் தே. பந்தோபாத்யாய் இம்முயற்சியின் முதன்மையான கர்த்தாக்களில் ஒருவர். தனித்தனியாக அழைக்காமல் கூட்டமாகச் சந்தியுங்கள், பகலில் வராமல் மாலையில் வாருங்கள், பெரிய வீட்டுக்குப் போகாதீர்கள் என்பவையே உழவர்கள் சொன்ன யோசனைகள். ‘பர்கா நடவடிக்கை’ என்று பின்னர் புகழ்பெற்ற திட்டம் இவற்றின் மீதே கட்டப்பட்டது. ஏழைகளின் குடியிருப்பில் மாலைக் கூட்டம்; மறுநாள் வயலிலேயே அனைவர் முன்னிலையிலும் சரிபார்ப்பு; பின்னர் பட்டியலைப் பொதுவிடத்தில் வைத்து ஆட்சேபம் கேட்பது; இறுதியில் சான்றிதழ்.

ஊராட்சியின் பங்கு

இவ்வளவும் அலுவலர்களால் மட்டும் நிறைவேறியிருக்குமா என்பது ஐயமே. அலுவலர் சான்றிதழைக் கொடுத்துவிட்டு ஊர் திரும்பிவிடுவார். மறுநாள் காலையில் நிலவுடைமையாளரை எதிர்கொள்ளப் போகிறவர் உழவர். அந்த மறுநாளுக்கு ஒரு துணை வேண்டியிருந்தது.

1978 ஜூன் மாதத்தில் கிராம பஞ்சாயத்து, பஞ்சாயத்து சமிதி, ஜில்லா பரிஷத் ஆகிய மூன்று அடுக்குகளுக்கும் ஒரே நேரத்தில் நேரடித் தேர்தல் நடந்தது. ஏறத்தாழ 56,000 இடங்கள். அரசியல் கட்சிகள் தம் சின்னங்களுடன் வெளிப்படையாகப் போட்டியிட்டன. கிராமத்துக்குள் கட்சி நுழையலாகாது என்னும் கருத்து அக்காலத்தில் வலுவாக இருந்தது. ஆயினும் அதே ஆண்டு ஆகஸ்டில் அறிக்கை அளித்த அசோக் மேத்தா குழுவும் கட்சிகளின் பங்கேற்பை ஆதரித்தது. கட்சி இல்லாத கிராமத்தில் சாதியும் செல்வமும் கட்சியின் வேலையைச் செய்துவந்தன என்பதை மறந்துவிடலாகாது.

தேர்ந்தெடுக்கப்பட்டவர்களில் சிறு உழவர்களும் பள்ளி ஆசிரியர்களும் மிகுதி. நிலமற்ற தொழிலாளர்கள் தம் எண்ணிக்கைக்கேற்ற இடங்களைப் பெறவில்லை. பெண்கள் மிக அரிது. எனினும் பழைய பெரிய வீட்டின் பிடி தளர்ந்தது. அவ்வாண்டு செப்டம்பரில் மாநிலத்தைப் பெருவெள்ளம் தாக்கியபோது, பதவியேற்றுச் சில மாதங்களே ஆகியிருந்த இவ்வூராட்சிகள் நிவாரணப் பணியை நடத்தின. வேலைக்கு உணவுத் திட்டத்தின் தானியமும் இவற்றின் வழியாகவே வழங்கப்பட்டது. பொருளியல் மாணவர்கள் இவ்விடத்தைக் கூர்ந்து நோக்க வேண்டும். பஞ்ச மாதங்களில் குளம் தூர்வாரியும் சாலை போட்டும் கூலித் தானியம் பெற முடிந்தபோது, நிலவுடைமையாளரிடம் நெற்கடன் வாங்கும் கட்டாயம் குறைந்தது. கட்டாயம் குறைந்தபின்னரே சான்றிதழுக்கு மதிப்பு ஏற்பட்டது. இரண்டும் தனித்தனியே நடந்திருந்தால் இரண்டுமே சோர்ந்திருக்கும்.

1982-ஆம் ஆண்டளவில் ஏறத்தாழ 12 லட்சம் வார உழவர்கள் பதிவாயினர். பின்னர் இவ்வெண்ணிக்கை 14 லட்சத்தையும் கடந்தது. உச்சவரம்புக்கு மேற்பட்ட நிலத்தில் 10 லட்சம் ஏக்கருக்கு மேல் 25 லட்சத்துக்கும் அதிகமானோர்க்குப் பகிர்ந்தளிக்கப்பட்டது. தலைக்கு அரை ஏக்கர்கூடத் தேறாது என்பது இக்கணக்கிலேயே தெரியும். பதிவு பெற்றோர்க்கு வங்கிக் கடன் அளிக்கும் முயற்சி எதிர்பார்த்த அளவு பரவவில்லை.

விளைச்சல் பெருகியது எதனால்?

நீண்ட காலம் தேங்கிக் கிடந்த மேற்கு வங்க வேளாண்மை 1980-களில் நாட்டிலேயே விரைவாக வளர்ந்தவற்றுள் ஒன்றாயிற்று. இதற்குக் காரணம் உரிமையா, நீரா என்னும் வாதம் இன்றும் ஓயவில்லை. பாதி விளைச்சல் பிறருக்குப் போகுமெனில் கூடுதல் உழைப்பின் பயனிலும் பாதி போய்விடுகிறது. எனவே உழைப்பு குன்றும் என்பது ஆல்பிரட் மார்ஷல் காலத்திலிருந்து வரும் கருத்து. பங்கு உயர்ந்து, வெளியேற்றப்படும் அச்சமும் நீங்கினால் உழவர் ஊக்கம் பெறுவார். அபிஜித் பானர்ஜி, பால் கெர்ட்லர், மைத்ரீஷ் கட்டக் ஆகியோர் 2002-இல் வெளியிட்ட ஆய்வு, வளர்ச்சியில் குறிப்பிடத்தக்க பகுதியைப் பர்கா நடவடிக்கையின் கணக்கில் சேர்த்தது. பிரணாப் பர்தனும் திலீப் முகர்ஜியும் பின்னர் பண்ணைவாரியாக ஆராய்ந்து, ஊராட்சிகள் வழங்கிய விதை, உரச் சிறுபைகளுக்கு இன்னும் பெரிய பங்கு உண்டு என்றனர். ஆழமற்ற குழாய்க் கிணறுகளால் போரோ பருவ நெல் பரவியதை எவரும் மறுப்பதில்லை. என் கருத்தில், சிறுபையைப் பெறுவோர் பட்டியலை யார் எழுதினார் என்பதும் உரிமையைப் பற்றிய கேள்வியே.

கட்சியும் பட்டியலும்

அந்தப் பட்டியலில்தான் இடரும் தொடங்கிற்று. கடன், விதை, வேலை, வீடு ஆகிய யாவும் ஊராட்சி வழியே வருமெனில், ஊராட்சியைக் கைக்கொண்ட கட்சியைப் பகைத்துக்கொண்டு வாழ்வது அரிது. நிலவுடைமையாளரின் திண்ணையில் முன்பு நின்றவர் கட்சி அலுவலகத்தின் வாயிலில் நிற்கும் நிலை பல இடங்களில் உருவாயிற்று. இதனை ஒரு கட்சியின் குற்றமாக மட்டும் கொள்ள இயலாது. 2011-இல் ஆட்சி மாறியது. ஆனால் 2018 ஊராட்சித் தேர்தலில் மூன்றில் ஒரு பங்குக்கும் மேற்பட்ட இடங்களில் போட்டியே இல்லை. 1978 முதல் ஐந்தாண்டுக்கு ஒருமுறை தவறாது தேர்தல் நடத்திய மாநிலம் அது. பிற மாநிலங்களில் ஊராட்சித் தேர்தலே ஆண்டுக் கணக்கில் ஒத்திவைக்கப்பட்டதை நினைத்தால் இது சிறிய பெருமையன்று. ஆனால் தேர்தல் ஒழுங்காக நடப்பதும் போட்டி நடப்பதும் ஒன்றல்ல.

திருத்தங்களும் இல்லாமற் போகவில்லை. 1993 தேர்தலில் பெண்களுக்கு மூன்றில் ஒரு பங்கு இடங்கள் ஒதுக்கப்பட்டன; 1998 முதல் ஊராட்சித் தலைவர் பதவிக்கும் இது விரிந்தது. ராகவேந்திர சட்டோபாத்யாயும் எஸ்தர் டுஃப்லோவும் பீர்பூம் மாவட்டத்தில் ஆய்ந்தபோது, பெண் தலைவர்கள் உள்ள ஊராட்சிகளில் குடிநீருக்கும் சாலைக்கும் கூடுதல் கவனம் கிடைத்திருந்தது. அவ்வூர்ப் பெண்கள் மிகுதியாக முறையிட்டவையும் இவ்விரண்டே. ஒவ்வொரு தொகுதியின் வாக்காளர்களும் ஆண்டுக்கு இருமுறை கூடிக் கணக்குக் கேட்கும் கிராம சன்சத் முறையும் 1990-களில் சட்டமாயிற்று. பத்தில் ஒரு பங்கு வாக்காளர் வந்தால் போதும் என்பது விதி. அந்தப் பத்தில் ஒரு பங்கைத் திரட்டுவதே பல ஊர்களில் பெரும்பாடாயிற்று.

இதற்கிடையே நிலத்தின் பொருளே மாறத் தொடங்கியது. 2006-இல் சிங்கூரில் தொழிற்சாலைக்கென 997 ஏக்கர் கையகப்படுத்தப்பட்டபோது, பதிவு பெற்ற வார உழவர்க்கு நிலத்தின் இழப்பீட்டில் கால் பங்கு என்று கணக்கிடப்பட்டது. விளைச்சலில் முக்கால் பங்குக்கு உரியவர், நிலம் கைமாறும்போது கால் பங்குக்காரர் ஆனார். 2008 ஊராட்சித் தேர்தலில் கிழக்கு மேதினிபூர், தெற்கு 24 பர்கனா ஜில்லா பரிஷத்துகளை இடது முன்னணி இழந்தது. 2016 ஆகஸ்டில் உச்ச நீதிமன்றம் சிங்கூர் நில எடுப்பை ரத்துச் செய்து நிலத்தைத் திருப்பித் தர ஆணையிட்டது. மாலைக் கூட்டங்கள் நடந்த காலத்தில் ஏதோ காரணத்தால் பெயர் கொடுக்காமல் விட்டவர்களும் அந்நிலத்தில் உழுதுகொண்டிருந்தனர். இழப்பீடு வேண்டிய நாளில் அவர்கள் கையில் காட்டுவதற்குச் சான்றிதழ் இல்லை.