கொசு என்று ஒரு போர் விமானம்!

குட்டி நண்பர்களே, போர் விமானங்களுக்கு என்னென்ன பெயர் வைப்பார்கள் என்று கவனித்திருக்கிறீர்களா? புலி, கழுகு, மின்னல், புயல் என்று கேட்டாலே எதிரி நடுங்குகிற மாதிரி வைப்பார்கள். ஆனால், ஒரு போர் விமானத்துக்குக் ‘கொசு’ என்று பெயர் வைத்தால் எப்படி இருக்கும்? சிரிப்பு வருகிறதா?

உண்மையிலேயே அப்படி ஒரு விமானம் இருந்தது. அதன் பெயர் ‘நேட்’. ஆங்கிலத்தில் இந்தச் சொல்லுக்குக் கொசு மாதிரியான ஒரு சின்னஞ்சிறு பூச்சி என்று பொருள். எழுதும்போது முதலில் ‘ஜி’ என்ற எழுத்து வரும். ஆனால் அதை உச்சரிக்கக் கூடாது!

இங்கிலாந்தில் பிறந்து, இந்தியாவில் புகழ் பெற்ற விமானம் இது. ‘கடுகு சிறுத்தாலும் காரம் குறையாது’ என்று நம் வீட்டுப் பெரியவர்கள் சொல்வார்கள் அல்லவா? அதற்கு வானத்தில் ஓர் எடுத்துக்காட்டு வேண்டுமென்றால் நேட் விமானத்தைச் சொல்லலாம்.

பேருந்தைவிடக் குட்டி!

நேட் எவ்வளவு சிறியது தெரியுமா? மூக்கிலிருந்து வால்வரை நீளம் சுமார் 8.7 மீட்டர்தான். நாம் பயணம் செய்கிற நகரப் பேருந்தைவிடக் குறைவு! ஓர் இறக்கையின் நுனியிலிருந்து மறு இறக்கையின் நுனிவரை அளந்தால் சுமார் 6.7 மீட்டர். உங்கள் வகுப்பறையின் அகலம் அவ்வளவு இருக்கலாம்.

எரிபொருளும் குண்டுகளும் நிரப்பிய பிறகும் எடை சுமார் 4 டன்தான். இன்று நம் விமானப் படையில் இருக்கும் சுகோய்-30 விமானம் முழுச் சுமையுடன் 38 டன்னுக்கும் மேல் எடை கொண்டது. அப்படியென்றால், ஒன்பது நேட் விமானங்களை ஒரு தட்டில் வைத்தாலும் தராசு சுகோய் பக்கம்தான் சாயும்!

ஏன் இவ்வளவு சிறியதாகச் செய்தார்கள்?

டெடி பெட்டர் என்று ஒரு விமான வடிவமைப்பாளர் இங்கிலாந்தில் இருந்தார். ‘கேன்பெரா’ என்ற புகழ் பெற்ற குண்டுவீச்சு விமானத்தை வடிவமைத்தவர் அவர்தான். 1950-களின் தொடக்கத்தில் அவர் மனதில் ஒரு கவலை வந்தது. புதிதாக வருகிற ஒவ்வொரு போர் விமானமும், பழைய விமானத்தைவிடக் கனமாக இருந்தது. விலையும் ஏறிக்கொண்டே போனது.

காரணம் என்ன? உங்கள் புத்தகப் பையை நினைத்துக்கொள்ளுங்கள். இரண்டு புத்தகம் கூடுதலாக வைத்தால் பெரிய பை வேண்டும். பெரிய பையே தனியாக ஒரு கனம். அதைத் தூக்கக் கூடுதல் பலம் வேண்டும். பலம் வேண்டுமென்றால் கூடுதலாகச் சாப்பிட வேண்டும்!

விமானத்திலும் இதே கதைதான். புதுக் கருவி ஒன்றைச் சேர்த்தால் எடை கூடும். எடை கூடினால் பெரிய இன்ஜின் வேண்டும். பெரிய இன்ஜின் அதிக எரிபொருள் குடிக்கும். அந்த எரிபொருளைச் சுமக்கப் பெரிய உடல் வேண்டும். மறுபடியும் எடை கூடும்!

‘இந்தச் சங்கிலியைத் திருப்பிப் போட்டால் என்ன?’ என்று பெட்டர் யோசித்தார். தேவையில்லாததை எல்லாம் கழித்துவிட்டால் சின்ன இன்ஜின் போதும். சின்ன இன்ஜினுக்குக் கொஞ்சம் எரிபொருள் போதும். அப்புறம் சின்ன உடலே போதும். செலவும் குறையும்.

ஃபாலண்ட் என்ற சிறிய நிறுவனத்தில் சேர்ந்து, இந்த யோசனைக்கு அவர் உருவம் கொடுத்தார். முதலில் ‘மிட்ஜ்’ என்ற சோதனை விமானம் 1954 ஆகஸ்டில் பறந்தது. மிட்ஜ் என்பதும் ஒரு குட்டிப் பூச்சியின் பெயர்தான்! அடுத்த ஆண்டு, 1955 ஜூலையில் நேட் பறந்தது.

எடையைக் குறைக்க எப்படியெல்லாம் மூளையைக் கசக்கியிருக்கிறார்கள் பாருங்கள். பறக்கும்போது வேகத்தைக் குறைக்க, மற்ற விமானங்களில் தனியாகக் காற்றுத் தடுப்புப் பலகைகள் இருக்கும். நேட்டில் அது கிடையாது. சக்கரங்களைப் பாதி மட்டும் கீழே இறக்குவார்கள். சக்கரத்தோடு சேர்ந்த மூடிகளே காற்றைத் தடுத்து வேகத்தைக் குறைத்துவிடும். ஒரே பொருளுக்கு இரண்டு வேலை!

இந்தியா கைகொடுத்தது

இவ்வளவு கெட்டிக்கார விமானத்தை இங்கிலாந்து விமானப் படை உடனே வாங்கியிருக்கும் என்றுதானே நினைக்கிறீர்கள்? இல்லை! 1958-ல் ஏடனில் சோதித்துப் பார்த்தார்கள். பிறகு, அதைவிடப் பெரிய ‘ஹண்டர்’ விமானமே போதும் என்று முடிவு செய்தார்கள். இரண்டு பேர் உட்காரும் பயிற்சி விமானமாக மட்டும் நேட்டைப் பின்னர் வாங்கிக்கொண்டார்கள்.

ஆனால் இந்தியா வேறு மாதிரி யோசித்தது. நாடு சுதந்திரம் பெற்றுச் சில ஆண்டுகளே ஆகியிருந்தன. கையில் அதிகப் பணம் இல்லை. குறைந்த விலையில் நிறைய விமானங்கள் வேண்டும். அவற்றை நம் நாட்டிலேயே தயாரிக்கக் கற்றுக்கொள்ளவும் வேண்டும். இதற்கு நேட் பொருத்தமாக இருந்தது. 1956-ல் ஒப்பந்தம் கையெழுத்தானது.

பெங்களூரில் இருந்த ஹிந்துஸ்தான் விமானத் தொழிற்சாலையில் வேலை தொடங்கியது. 1959-ல் அங்கிருந்து முதல் நேட் பறந்தது. அதன் ‘ஆர்ஃபியஸ்’ ஜெட் இன்ஜினையும் பெங்களூரிலேயே தயாரிக்கக் கற்றுக்கொண்டார்கள். 1960-ல் விமானப் படையின் 23-வது அணிக்கு நேட் விமானங்கள் கிடைத்தன.

சேபரும் நேட்டும்

1965-ல் இந்தியாவுக்கும் பாகிஸ்தானுக்கும் போர் மூண்டது. பாகிஸ்தானிடம் அமெரிக்காவின் ‘சேபர்’ ஜெட் விமானங்கள் இருந்தன. கொரியப் போரில் பெயர் வாங்கியவை அவை. நீளமும் இறக்கை அகலமும் 11 மீட்டருக்கு மேல். நேட் அதன் பக்கத்தில் நின்றால் தம்பி மாதிரி இருக்கும்!

செப்டம்பர் 3 அன்று நம் விமானிகள் ஒரு தந்திரம் செய்தார்கள். ‘மிஸ்டேர்’ என்ற விமானங்களை உயரத்தில் பறக்கவிட்டார்கள். எதிரியின் ராடாரில் அவை நன்றாகத் தெரியும். அவைதான் தூண்டில் புழு! நேட் விமானங்களோ ராடார் கண்ணில் படாமல், தரையை ஒட்டித் தாழ்வாகப் பறந்தன. சேபர்கள் வந்ததும் நேட்டுகள் சடாரென்று மேலே ஏறி மோதின.

அன்று டிரெவர் கீலர் என்ற விமானி ஒரு சேபரைச் சுட்டு வீழ்த்தியதாக இந்தியா அறிவித்தது. அவருக்கு ‘வீர் சக்ரா’ விருது கிடைத்தது. அடிபட்ட அந்த விமானம் எப்படியோ தளத்துக்குத் திரும்பிவிட்டது என்று பாகிஸ்தான் சொன்னது. போரில் இரண்டு தரப்பும் இரண்டு கணக்குச் சொல்வது வழக்கம். அதனால் வரலாறு படிக்கும்போது இரண்டு பக்கத்தையும் படிக்க வேண்டும், நண்பர்களே!

ஆனால் ஒரு விஷயம் உறுதியானது. நேட் சிறியதாக இருந்ததால், எதிரி விமானியின் கண்ணுக்கு அது லேசில் தெரியவில்லை. எடை குறைவாக இருந்ததால் சட்டென்று ஏறியது, சட்டென்று திரும்பியது. ‘சேபர் கொல்லி’ என்ற பட்டப்பெயரும் அதற்குக் கிடைத்தது.

குறையும் உண்டு

இதைப் படித்துவிட்டு, நேட் குறையே இல்லாத விமானம் என்று நினைத்துவிடாதீர்கள். உடல் சிறியது என்பதால் எரிபொருள் கொஞ்சம்தான் பிடிக்கும். நீண்ட நேரம் பறக்க முடியாது. சண்டையின் நடுவில் துப்பாக்கி சிக்கிக்கொள்ளும். வால் பகுதியை இயக்கும் எண்ணெய் அழுத்தக் கருவி பழுதானால், விமானத்தைக் கட்டுப்படுத்துவது பெரும்பாடு. நேட்டை ஓட்டுவதற்குத் துணிச்சலோடு நிதானமும் வேண்டியிருந்தது.

1965 போரின்போது ஒரு நேட், பாகிஸ்தானில் பஸ்ரூர் என்ற இடத்தில் இறங்கிப் பிடிபட்டது. அது இன்றும் கராச்சி அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

சில நிமிடமும் ஒரு கடிதமும்

1971 நவம்பர் 22. பிற்பகல் நேரம். இன்றைய வங்கதேச எல்லையை ஒட்டிய போய்ரா என்ற ஊருக்கு மேலே மூன்று சேபர்கள் பறந்து, தரையில் இருந்த நம் வீரர்களைத் தாக்கிக்கொண்டிருந்தன. கொல்கத்தாவின் டம்டம் விமானத் தளத்திலிருந்து நான்கு நேட் விமானங்கள் விரைந்தன. மாசி, கணபதி, லாசரஸ், சோரஸ் ஆகியோர் அவற்றின் விமானிகள்.

சில நிமிடங்களில் எல்லாம் முடிந்துவிட்டது. இரண்டு சேபர்கள் விழுந்தன. மூன்றாவது, அடிபட்டுத் தப்பியது. நான்கு நேட்டுகளும் பத்திரமாகத் திரும்பின.

விழுந்த சேபர்களின் விமானிகள் இருவரும் பாராசூட்டில் குதித்து உயிர் பிழைத்தார்கள். அவர்களில் ஒருவர் பர்வேஸ் மெஹ்தி குரேஷி. கீழே நின்ற நம் வீரர்கள் கோபத்தோடு அவரைச் சூழ்ந்தார்கள். அப்போது பனாக் என்ற இளம் ராணுவ அதிகாரி ஓடி வந்து, அவரை யாரும் அடிக்காமல் தடுத்தார். பிடிபட்ட எதிரியைத் துன்புறுத்தக் கூடாது என்பது போரின் விதி.

குரேஷி பின்னர் நாடு திரும்பினார். 1997-ல் பாகிஸ்தான் விமானப் படைக்கே தலைமைத் தளபதி ஆனார்! அந்தச் செய்தியைப் படித்த லாசரஸ், அவருக்கு ஒரு வாழ்த்துக் கடிதம் எழுதினார். அன்று வானத்தில் எதிரெதிரே சந்தித்ததையும் அதில் நினைவுபடுத்தினார். அவருக்குப் பதில் வந்தது. வாழ்த்துக்கு நன்றி சொன்ன குரேஷி, அன்று இந்திய விமானிகள் போரிட்ட விதத்தையும் பாராட்டியிருந்தார்!

ஒற்றை நேட், ஆறு சேபர்

அதே ஆண்டு டிசம்பர் 14. காஷ்மீரின் ஸ்ரீநகர் விமானத் தளம். காலை நேரம். ஆறு சேபர்கள் தளத்தைத் தாக்க வந்தன.

நிர்மல் ஜித் சிங் செகோன் என்ற விமானி, நேட் விமானத்தில் தயாராக இருந்தார். ஓடுபாதையில் குண்டுகள் விழத் தொடங்கிவிட்டன. அந்த நேரத்தில் விமானத்தைக் கிளப்புவது உயிரைப் பணயம் வைப்பதற்குச் சமம். யாராக இருந்தாலும் கொஞ்சம் பொறுத்துப் பார்க்கலாம் என்றுதானே தோன்றும்? செகோன் பொறுக்கவில்லை. குண்டுகளுக்கு நடுவிலேயே ஓடுபாதையில் விரைந்து மேலே ஏறினார்.

அவருக்கு முன்னால் கிளம்பிய இன்னொரு நேட், புகையிலும் பனிமூட்டத்திலும் பார்வையிலிருந்து மறைந்துவிட்டது. செகோன் தனி ஆள். ஆனாலும் சேபர்களைத் துரத்தினார். மலைகளுக்கு நடுவே மரங்களின் உயரத்தில் சண்டை நடந்தது. இரண்டு சேபர்களைச் சுட்டார். கடைசியில், எண்ணிக்கையில் அதிகமாக இருந்த சேபர்கள் அவருடைய விமானத்தை வீழ்த்தின. மலையிடுக்கில் விழுந்த நேட்டோடு செகோனும் மறைந்தார். அவரது உடல்கூடக் கிடைக்கவில்லை. ஆனால் தளம் பெரும் சேதத்திலிருந்து தப்பியது.

நாட்டின் மிக உயர்ந்த போர்க்கால வீர விருதான ‘பரம்வீர் சக்ரா’ அவருக்கு அளிக்கப்பட்டது. நம் விமானப் படையில் இந்த விருதைப் பெற்றவர் அவர் ஒருவர்தான். 2023-ல் அந்தமான் தீவுகளில் ஒன்றுக்கு அவருடைய பெயர் சூட்டப்பட்டது.

வெல்ல முடியாதவன்

நேட்டின் குறைகளை நம் பொறியாளர்கள் அப்படியே விட்டுவிடவில்லை. எரிபொருள் போதவில்லையா? இறக்கைக்குள்ளேயே எரிபொருள் தொட்டி அமைத்தார்கள். கட்டுப்பாட்டுக் கருவிகளைத் திருத்தினார்கள். இப்படி உருவான விமானம் 1975-ல் பறந்தது. அதற்கு ‘அஜீத்’ என்று பெயர் வைத்தார்கள். ‘வெல்ல முடியாதவன்’ என்று பொருள். கொசு வளர்ந்து வீரனாகிவிட்டது! 1991 வரை அஜீத் நம் விமானப் படையில் இருந்தது.

செகோன் பணியாற்றிய 18-வது அணிக்குப் ‘பறக்கும் தோட்டாக்கள்’ என்று பெயர். 1965-ல் நேட் விமானங்களோடு தொடங்கிய அந்த அணி, 2016-ல் பழைய விமானங்கள் ஓய்வு பெற்றபோது நிறுத்தி வைக்கப்பட்டது. 2020-ல் மறுபடியும் உயிர் பெற்றது. எங்கே தெரியுமா? நம் கோவைக்குப் பக்கத்தில் உள்ள சூலூரில்! இந்த முறை அதற்குக் கிடைத்தது, நம் நாட்டிலேயே வடிவமைத்த ‘தேஜஸ்’. இதுவும் தன் வகையில் மிகச் சிறிய, எடை குறைந்த போர் விமானம்தான்!

நண்பர்களே, ‘நான் சின்னப் பையன், என்னால் என்ன முடியும்?’, ‘நான் சின்னப் பெண்ணாயிற்றே’ என்று எப்போதாவது தோன்றினால் நேட்டை நினைத்துக்கொள்ளுங்கள். சிறியதாக இருப்பதில் பலமும் உண்டு, பலவீனமும் உண்டு. பலத்தைப் பயன்படுத்திக்கொண்டு, பலவீனத்தைத் திருத்திக்கொண்டால் போதும். கொசுகூட அஜீத் ஆகலாம்!

துணுக்குகள்

* இங்கிலாந்தின் புகழ் பெற்ற சாகச அணியான ‘ரெட் ஏரோஸ்’, 1965 முதல் 1979 வரை நேட் பயிற்சி விமானங்களில்தான் வானத்தில் வித்தை காட்டியது.

* பின்லாந்து நாடு 13 நேட் விமானங்களை வாங்கியது. 1958-ல் அந்நாட்டு விமானி லௌரி பெகுரி, நேட்டில் ஒலியைவிட வேகமாகப் பறந்தார். அப்படிப் பறந்த முதல் பின்லாந்துக்காரர் அவர்தான்.

* டிரெவர் கீலரின் சகோதரர் டென்சில் கீலரும் நேட் விமானி. 1965 போரில் அண்ணன் தம்பி இருவருமே ‘வீர் சக்ரா’ பெற்றார்கள்!

* நேட்டில் இரண்டு துப்பாக்கிகள் மட்டுமே உண்டு. ஆனால் ஒவ்வொன்றும் 30 மில்லிமீட்டர் குண்டு சுடும். சேபரில் ஆறு துப்பாக்கிகள் இருந்தாலும், அவற்றின் குண்டு 12.7 மில்லிமீட்டர்தான்.