கன்னக்குழியும் காவடித்தண்டும்

நொபுகோ ஒட்டோவா! யார் இவர் என்பீர்கள், தோழர்களே. ஜப்பானியப் பட முதலாளிகள் இந்த நடிகையின் கன்னக்குழிக்கு விலை கூறினார்கள். பத்து லட்சம் டாலராம்! அழகை அளந்தார்கள், ஆற்றலை அளந்தார்களில்லை.

அந்தப் பளபளப்பை உதறிவிட்டு, இயக்குநர் ஷிண்டோவும் நண்பர்களும் 1950இல் தொடங்கிய ஏழைப் படநிறுவனத்தில் சேர்ந்தார் அம்மையார். 1952இல், அணுகுண்டில் வெந்த ஹிரோஷிமாவின் பிள்ளைகளைத் தேடிச் செல்லும் ஆசிரியையாக நடித்தார். படத்துக்குத் துணைநின்றது எது? ஆசிரியர் சங்கம்!

1960. கடன் கழுத்தை நெரித்தது. இதுவே கடைசிப் படம் என்று ஒரு சிறு தீவுக்குச் சென்றனர். 'மொட்டைத் தீவு' பிறந்தது. தண்ணீரற்ற மேட்டு நிலம். காவடித்தண்டில் வாளிகள் தொங்க, மேடேறுகிறாள் உழவன் மனைவி. கால் இடறுகிறது, நீர் கொட்டுகிறது. கணவன் அறைகிறான். எழுந்து மீண்டும் சுமக்கிறாள். உரையாடல்? ஏறக்குறைய இல்லவே இல்லை! நாவால் வாழும் நமக்கே நாணம் வருகிறது.

மகனைப் பறிகொடுத்த பின்னர்தான் குமுறுகிறாள் அந்தத் தாய். சுமந்த நீரைக் கவிழ்க்கிறாள், வளர்த்த பயிரைப் பிடுங்கி எறிகிறாள், மண்ணில் புரண்டு கதறுகிறாள். கணவன் பார்த்து நிற்கிறான். இம்முறை கை ஓங்கவில்லை.

1961இல் மாஸ்கோ விழாவில் பெரும்பரிசு. நிறுவனம் பிழைத்தது.

1994இல் புற்றுநோய் அரித்தபோதும் ஷிண்டோவின் படமொன்றை நடித்து முடித்தார். டிசம்பரில் மறைந்தார். படம் திரைக்கு வந்தது மறு ஆண்டில்.