காத்திருக்கும் படக்கருவி

திரைப்படம் என்றதும் கதை, நடிப்பு, பாடல் ஆகியனவே நம் நினைவில் எழுகின்றன. உண்மை நிகழ்வுகளைப் பதிவுசெய்யும் ஆவணப்படம் வேறு வகையினது. அதனுள்ளும் உற்றுநோக்கும் ஆவணப்படம் தனித்தன்மை உடையது. அதில் பின்னணியிலிருந்து விளக்கம் கூறும் குரல் பெரும்பாலும் இராது. காட்சிகளுக்கு ஒத்திகையும் இல்லை. தோளில் சுமக்கத்தக்க படக்கருவியும், காட்சியோடு ஒலியை ஒருசேரப் பதியும் கருவியும் 1960ஆம் ஆண்டையொட்டிப் பயன்பாட்டுக்கு வந்தபோது இம்முறை வளர்ந்தது.

சமய நம்பிக்கையையும் சமூகநீதியையும் பற்றிப் பேச இம்முறை எவ்வாறு உதவும்? தீபா தன்ராஜ் இயக்கி 2011இல் வெளிவந்த ‘இன்வோக்கிங் ஜஸ்டிஸ்’ என்னும் ஆவணப்படம் இதற்குச் சிறந்த சான்றாகும். புதுக்கோட்டையை மையமாகக் கொண்டு இயங்கும் பெண்கள் ஜமாஅத்தைப் பற்றியது இப்படம்.

கேட்கப்படாத குரல்

இசுலாமியக் குடும்பங்களில் எழும் மணமுறிவு, வரதட்சணை, சொத்து முதலிய சிக்கல்களை ஊர் ஜமாஅத் விசாரித்துத் தீர்ப்பது வழக்கம். அதில் ஆண்களே உறுப்பினர்கள். தன் வாழ்வைப் பற்றிய முடிவு எடுக்கப்படும் இடத்தில் நின்று பேசும் வாய்ப்பு பெண்ணுக்குப் பெரும்பாலும் கிட்டவில்லை. ஒருதரப்பை மட்டும் கேட்டு வழங்குவது நீதியாகுமா என்று வினவிய தாவூத் ஷரீபா கானமும் அவரைச் சேர்ந்த பெண்களும் 2004இல் பெண்கள் ஜமாஅத்தை நிறுவினர். கடும் எதிர்ப்புக்கிடையிலும் அது வளர்ந்தது. படம் வெளிவந்த காலத்தில் 12 மாவட்டங்களில் ஏறத்தாழ 12,000 பெண்கள் அதில் இணைந்திருந்தனர்.

இப்பெண்கள் தம் சமயத்தைத் துறக்கவில்லை. திருக்குர்ஆன் பெண்களுக்கு வழங்கியுள்ள உரிமைகளை எடுத்துக்காட்டியே வாதிட்டனர். சமயநூலுக்குப் பொருள் கூறும் உரிமை ஆண்களுக்கு மட்டுமே உரியதா என்பதே அவர்கள் எழுப்பிய வினா.

பார்த்தலும் பொறுப்பும்

முறையிட வந்த பெண் தன் துயரத்தைச் சொல்லி முடிக்கும்வரை ஜமாஅத்தினர் செவிமடுக்கின்றனர், படக்கருவியும் உடனிருக்கிறது. இடைமறிக்காமல் கேட்பதே இருவருக்கும் பொதுவான பண்பு. யார் சரி, யார் தவறு எனத் தீர்ப்புக் கூறும் குரலைத் தேடாமல், பார்ப்பவர் தாமே எண்ணி முடிவுக்கு வரவேண்டியுள்ளது.

எனினும், உற்றுநோக்குதல் என்பது நடுநிலைக்கு உறுதியளிப்பதன்று. படக்கருவியை எங்கு நிறுத்துவது, பல மணிநேரப் பதிவில் எதைக் கொள்வது, எதைத் தள்ளுவது என்பன இயக்குநரின் தெரிவுகளே. படக்கருவியின் முன் மனிதர் நடந்துகொள்ளும் முறையும் மாறக்கூடும். மேலும், தன் வீட்டுத் துயரத்தைப் பலரறியப் பேசும் பெண் ஊரில் எதிர்ப்பைச் சந்திக்க நேரிடலாம். ஆதலின் அவருடைய மனமுவந்த இசைவு இன்றியமையாதது. அவ்விசைவு ஒருநாளில் கிடைப்பதன்று. நெடுநாள் பழகிப் பெறும் நம்பிக்கையால் அமைவது.

பிறர் துயரைப் பதிவுசெய்ய விரும்புவோர் முதலில் கற்கவேண்டியது கருவியை இயக்கும் முறையன்று. பொறுமையுடன் கேட்கும் முறையேயாகும்.