சூசை என்றாலும் வளன் என்றாலும்

'பேரன்' என்னும் சொல்லிலேயே பெயர் இருக்கிறது. பாட்டனின் பெயரைத் தாங்கி வருபவன் பெயரன். அதுவே பேச்சுவழக்கில் பேரன் ஆயிற்று. அவ்வாறே பெயர்த்தி பேத்தியானாள். பெயரிடுதலை நம் முன்னோர் எத்துணைப் பெரிய காரியமாகக் கருதினர் என்பதற்கு இச்சொற்களே சான்று.

இந்நாளிலோ, திருமுழுக்குக்குக் குழந்தையைக் கொண்டுவரும் பெற்றோரிடம், "இப்பெயரின் பொருள் யாது?" என்று நாம் வினவினால், பலர் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்கின்றனர். பாட்டனார் பெயரை வைக்கலாமே என்றால், "அது பழைய பேருங்க சாமி, பள்ளிக்கூடத்துல கேலி பண்ணுவாங்க" என்பதே விடை. சூசை, சின்னப்பன், சவரிமுத்து ஆகியவை பழைய பெயர்கள்தாம். ஆனால் பொருளற்ற பெயர்கள் அல்ல.

நம் போத்தனூரையே எடுத்துக்கொள்வோம். 1862-இல் இருப்புப்பாதை இங்கு வந்தது. அதன்பின் தமிழரோடு மலையாளிகளும் ஆங்கிலோ இந்தியரும் இவ்வூரில் கலந்து வாழலாயினர். ஒரே புனிதரின் பெயர் தமிழருக்குச் சூசை, மலையாளிகளுக்கு ஔசேப்பு, ஆங்கிலோ இந்தியருக்கு ஜோசப். முதலாவது போர்த்துக்கீசியர் வழியாகவும், இரண்டாவது கேரளத் திருச்சபையின் பழைய வழிபாட்டு மொழியாகிய சிரியாக் வழியாகவும், மூன்றாவது ஆங்கிலத்தின் வழியாகவும் வந்தவை. மூன்றுக்கும் மூலம் ஓர் எபிரேயப் பெயரே. 'அவர் இன்னும் கூட்டித் தருவாராக' என்பது அதன் பொருள். நெடுங்காலம் பிள்ளைப்பேறின்றி வாடிய இராகேல் தன் முதல் மகனுக்கு இப்பெயரிட்டதைத் தொடக்கநூல் 30-ஆம் அதிகாரம் கூறுகிறது.

இத்தாலியிலிருந்து வந்த வீரமாமுனிவர் 1726-இல் தேம்பாவணியை இயற்றியபோது, இப்பெயரின் ஒலியை விட்டுப் பொருளை எடுத்துக்கொண்டார். அக்காப்பியத்தில் சூசையப்பரின் பெயர் வளன். பெருகுவது வளம் அன்றோ!

இத்தகைய பொருள்வழிப் பெயர்கள் நம்மிடையே பல உள. பவுல் என்னும் இலத்தீன் பெயருக்குச் 'சிறியவர்' என்பது பொருள். அவர் நமக்குச் சின்னப்பர் ஆனார். 'கடவுள் அருள்கூர்ந்தார்' எனப் பொருள்படும் யோவான் அருளப்பரானார். 'கடவுள் துணை செய்தார்' எனப் பொருள்படும் லாசர் தேவசகாயம் ஆனார். 1745-இல் வடக்கன்குளத்தில் திருமுழுக்குப் பெற்ற நீலகண்டபிள்ளைக்கு இடப்பட்ட பெயரும் அதுவே. 2022-இல் உலகத் திருச்சபை அப்பெயரையே புனிதர் வரிசையில் ஏற்றது.

ஊர்ப்பெயர் ஆட்பெயராவதும் உண்டு. புனித சவேரியார் பிறந்த கோட்டை ஸ்பெயின் நாட்டின் நவார் பகுதியில் உள்ளது. சவியேர் என்னும் அவ்விடப்பெயர் 'புதிய வீடு' எனப் பொருள்படும் பாஸ்க்கு மொழிச் சொல்லினின்று பிறந்தது. நம் சவரிமுத்துக்கள் அதைத்தான் சுமக்கின்றனர்! 1917-இல் அன்னை காட்சியளித்த பாத்திமா, போர்த்துக்கல்லில் உள்ள ஊர். அதன் பெயரோ அரபுப் பெண்பெயர். பாத்திமா மேரி என்று ஒரு சிறுமியை அழைக்கும்போது, அரபு நாடும் போர்த்துக்கல்லும் கொங்குநாடும் ஒரே விளியில் கூடுகின்றன.

அப்படியாயின் பழைய பெயர்களையே வைக்க வேண்டுமா? அவ்வாறு கட்டாயம் இல்லை. எலிசபெத்தின் மகனுக்குத் தந்தையாகிய செக்கரியாவின் பெயரையே இட உறவினர் விரும்பினர். பெற்றோரோ யோவான் என்றே பெயரிட்டனர். 1983-ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டமும், புனிதர் பெயர்தான் வேண்டும் என வற்புறுத்தவில்லை; கிறிஸ்தவ உணர்வுக்குப் புறம்பான பெயர் இடப்படாதவாறு பெற்றோரும் ஞானப்பெற்றோரும் பங்குக் குருவும் கவனிக்க வேண்டும் என்றே கூறுகிறது. அருள்மொழி, அன்பரசி போன்ற இனிய தமிழ்ப் பெயர்களுக்கு ஆலயத்தில் தடையேதும் இல்லை.

பெற்றோரே, நாம் வேண்டுவது ஒன்றே. பெயரைத் தேர்ந்தெடுக்குமுன் வீட்டுப் பெரியோரை அமர்த்திக் குடும்பப் பெயர்களைக் கேளுங்கள். எப்பெயரை இட்டாலும் அதன் பொருளை அறிந்து இடுங்கள். பிள்ளைக்கு விவரம் தெரியும் வயதில் அப்பொருளை எடுத்துச் சொல்லுங்கள். "சூசையா, இது என்ன பெயர்?" என்று தோழர் நகைக்கும்போது, விடை தெரிந்த பிள்ளை தலைகுனியாது, கதை சொல்லத் தொடங்கிவிடும்.