நார்மன் ஜூவிசன்

நார்மன் ஜூவிசன் (ஜூலை 21, 1926 – ஜனவரி 20, 2024) கனடாவைச் சேர்ந்த திரைப்பட இயக்குநரும் தயாரிப்பாளரும் ஆவார். மேடையில் வெற்றி பெற்ற இசை நாடகங்களையும் உரையாடல் நாடகங்களையும் திரைப்படங்களாக ஆக்கியவர்களுள் இவர் குறிப்பிடத்தக்கவர். ஃபிட்லர் ஆன் த ரூஃப் (1971), ஜீசஸ் கிறைஸ்ட் சூப்பர்ஸ்டார் (1973), எ சோல்ஜர்ஸ் ஸ்டோரி (1984), ஆக்னஸ் ஆஃப் காட் (1985) ஆகியவை இவ்வகையில் இவர் இயக்கிய படங்கள்.

வாழ்க்கைக் குறிப்பு

ஜூவிசன் டொராண்டோவில் பிறந்தார். டொராண்டோ பல்கலைக்கழகத்தில் பயின்ற பின் கனடாவிலும் அமெரிக்காவிலும் தொலைக்காட்சி இசை நிகழ்ச்சிகளை இயக்கினார். இவர் இயக்கிய இன் த ஹீட் ஆஃப் த நைட் (1967), சிறந்த படத்துக்கான ஆஸ்கார் விருதைப் பெற்றது.

மேடையும் திரையும்

மேடையில் தீட்டிய திரை ஒன்று ஓர் ஊரையே குறிக்க முடியும். பார்வையாளர்கள் அதை ஏற்றுக்கொள்வர். படக்கருவியோ உண்மையான மண்ணையும் மரத்தையும் காட்டுகிறது. அவற்றின் நடுவே ஒருவர் திடீரெனப் பாடத் தொடங்கினால் அது செயற்கையாகத் தோன்றக்கூடும். இச்சிக்கலை ஜூவிசன் ஒவ்வொரு படத்திலும் வெவ்வேறு வழியில் எதிர்கொண்டார்.

ஃபிட்லர் ஆன் த ரூஃப்

சோலம் அலைக்கெம் எழுதிய கதைகளைத் தழுவிய இவ்விசை நாடகம் 1964 இல் நியூயார்க்கின் பிராட்வே அரங்கில் தொடங்கி 3,000 தடவைகளுக்கு மேல் நடிக்கப்பட்டது. 1905 ஆம் ஆண்டளவில் உருசியப் பேரரசில் வாழ்ந்த டெவ்யே என்னும் ஏழை யூதப் பால்காரரின் குடும்பமும் அவரது ஊராரும் வெளியேற்றப்படுவதே கதை.

பெயரைக் கொண்டு யூதர் எனப் பலர் எண்ணினாலும் ஜூவிசன் யூதர் அல்லர். இயக்க அழைக்கப்பட்டபோது இதை அவரே தயாரிப்பு நிறுவனத்தாரிடம் தெரிவித்தார். எனினும் பணி அவரிடமே ஒப்படைக்கப்பட்டது.

மேடை அரங்கமைப்பு ஓவியர் மார்க் சகாலின் கனவுத்தன்மை கொண்ட ஓவியங்களைத் தழுவியிருந்தது. ஜூவிசன் இதை விடுத்து, அன்றைய யூகோசுலாவியாவின் சிற்றூர்களில் படம் பிடித்தார். ஒளிப்பதிவாளர் ஆசுவால்ட் மோரிசு வில்லையின் மீது பழுப்பு நிறக் காலுறைத் துணியைப் பொருத்தி மண் சாயலை உண்டாக்கினார். பிராட்வேயில் டெவ்யேயாக நடித்த சீரோ மாசுடெலுக்குப் பதிலாக, இலண்டன் மேடையில் அப்பாத்திரத்தை ஏற்ற டோப்போல் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

ஆயினும் மேடை மரபு முற்றிலும் கைவிடப்படவில்லை. டெவ்யே படக்கருவியை நோக்கிப் பார்வையாளர்களிடம் பேசுகிறார். மகளின் காதலைப் பற்றித் தமக்குள் வாதிடும் இடத்தில் காதலர் இருவரும் திடீரெனத் தொலைவில் நிற்பதாகக் காட்டப்படுகின்றனர். மேடையில் செய்ய இயலாத இவ்வுத்தி அவரது மனத்தின் விலகலைக் காட்சியாக்குகிறது. இப்படம் எட்டு ஆஸ்கார் பரிந்துரைகளையும் மூன்று விருதுகளையும் பெற்றது.

ஜீசஸ் கிறைஸ்ட் சூப்பர்ஸ்டார்

ஆண்ட்ரூ லாயிட் வெப்பர், டிம் ரைசு ஆகியோரின் இப்படைப்பு 1970 இல் இசைத்தட்டாகவும் 1971 இல் மேடை நாடகமாகவும் வெளிவந்தது. முழுவதும் பாடல்களாலேயே நகரும் இதற்கு இயல்புத் தோற்றம் பொருந்தாது. எனவே இசுரேலின் பாலைவனத்துக்குப் பேருந்தில் வரும் நடிகர் குழு ஒன்று கதையை நடித்துக் காட்டுவதாக ஜூவிசன் அமைத்தார். யூதாசைப் பீரங்கி வண்டிகள் துரத்துகின்றன. இறுதியில் நடிகர்கள் பேருந்தில் ஏறிச் செல்லும்போது இயேசுவாக நடித்தவர் மட்டும் காணப்படவில்லை. யூத குருமாரைச் சித்தரித்த விதத்துக்காக யூத அமைப்புகள் இப்படத்தைக் கண்டித்தன.

உரையாடல் நாடகங்கள்

எ சோல்ஜர்ஸ் ஸ்டோரி, சார்லசு ஃபுல்லரின் புலிட்சர் பரிசு பெற்ற நாடகத்தைத் தழுவியது. 1944 இல் கறுப்பினப் படைவீரர்களின் முகாமில் நிகழ்ந்த கொலையை இது ஆராய்கிறது. மேடையில் நடித்த அடோல்ஃப் சீசரும் டென்சில் வாசிங்டனும் திரையிலும் அதே பாத்திரங்களை ஏற்றனர். ஆக்னஸ் ஆஃப் காட் நாடகத்தில் மூன்றே பாத்திரங்கள் உண்டு. படத்தில் கன்னியர் மடத்தின் அன்றாட வாழ்வும் சேர்க்கப்பட்டது.

சிறப்புகள்

சிறந்த இயக்குநருக்காக மூன்று முறை பரிந்துரைக்கப்பட்டும் ஜூவிசன் அவ்விருதைப் பெறவில்லை. 1999 இல் அவருக்கு இர்விங் தால்பெர்க் நினைவு விருது வழங்கப்பட்டது.